ஆப்பிள் சாஸில் தண்ணீர்தான் வில்லன்

வீட்டில் செய்யும் ஆப்பிள் சாஸ் பெரும்பாலும் கெடுவது நீர்த்துப்போய்த்தான். பருப்பு வேகவைக்கிற பழக்கத்தில் பழம் மூழ்கும் அளவுக்குத் தண்ணீர் ஊற்றிவிடுகிறோம். ஆப்பிளின் எடையில் சுமார் 85 சதவீதம் தண்ணீர்தான். தோல் சீவி நறுக்கிய ஒரு கிலோ பழத்துக்கு அரை டம்ளர் போதும், அதுவும் அடிப்பிடிக்காமல் இருக்கத்தான். சிறுதீயில் மூடி வைத்தால் கொஞ்ச நேரத்தில் பழமே நீர் விட ஆரம்பிக்கும். 20 நிமிடம் போல ஆனதும் கரண்டியின் பின்பக்கத்தால் அழுத்திப் பாருங்கள், மசிய வேண்டும்.

ஏற்கெனவே நீர்த்துவிட்டதா? சோளமாவைக் கரைத்து ஊற்றாதீர்கள், ருசியே மாறிவிடும். மூடியைத் திறந்து கிளறிக்கொண்டே வற்றவிடுங்கள். ஒரு கரண்டி எடுத்துத் தட்டில் வைத்தால் சுற்றிலும் நீர் பிரியாமல் நிற்க வேண்டும். அதுதான் பதம்.

அடுத்தது பழம். கருஞ்சிவப்பாகப் பளபளக்கும் ரெட் டெலிஷியஸ் வெந்ததும் புளிப்பே இல்லாமல் சப்பென்று போகும். அதை நறுக்கி அப்படியே சாப்பிட்டுவிடலாம். காலா அல்லது ஃபியூஜி மூன்று பங்கு, பச்சை ஆப்பிளான கிரானி ஸ்மித் ஒரு பங்கு என்று கலந்தால் இனிப்பும் புளிப்பும் சரியாக வரும். புளிப்பு இருப்பதால் அலுமினியப் பாத்திரம் வேண்டாம், எவர்சில்வர் எடுங்கள்.

சர்க்கரையை முதலிலேயே போட்டால் துண்டுகள் குழைய நேரமாகும். வெந்தபின் ருசி பார்த்து, தேவைப்பட்டால் மட்டும் சேருங்கள். கைக்குழந்தைக்கு என்றால் அதுவும் கூடாது. ஒரு வயது ஆகும்வரை தேன் கூடவே கூடாது: அதில் போட்டுலிசம் நோயை உண்டாக்கும் கிருமியின் வித்துகள் இருக்கலாம், கொதிக்கவைத்தாலும் அவை சாவதில்லை.

சூடாக மிக்ஸியில் போட்டால் ஆவி மூடியைத் தூக்கியடிக்கும். ஆறட்டும். உண்மையில் மத்தே போதும். மிக்ஸியில் அரைத்தால் பசை மாதிரி ஆகிவிடுகிறது.

அப்புறம், ஊறுகாய் மாதிரி வெளியே வைக்கிற சமாச்சாரம் இல்லை இது. ஃபிரிட்ஜில் ஒரு வாரம் தாங்கும். மிஞ்சினால் ஐஸ் ட்ரேயில் உறையவைக்கலாம், முட்டையில்லாத கேக்குக்கு ஆகும். ஒரு முட்டைக்குப் பதிலாகக் கால் கப் கணக்கு. இனிப்பு போட்ட சாஸ் என்றால் கேக்கில் சர்க்கரையைக் குறைத்துக்கொள்ளுங்கள்.