வண்ணப் பென்சிலோடு ஓஸ் நாட்டுக்குப் போவது எப்படி

எல். ஃபிராங்க் பாம் 1900இல் எழுதிய ஓஸ் மந்திரவாதி கதையைக் குழந்தைக்கு வாசித்துக் காட்டப் போகிறீர்களா? பக்கத்தில் ஒரு பெரிய வெள்ளைத்தாள், வண்ணப் பென்சில்கள், ஒரு துண்டு பச்சைக் கண்ணாடித்தாள் எடுத்து வையுங்கள். 24 அத்தியாயங்களில் ஆட்களும் ஊர்களும் வந்துகொண்டே இருப்பதால் குழந்தை குழம்பிப்போகும். பாம் ஊருக்கு ஒரு நிறம் கொடுத்திருக்கிறார், அதைப் பிடித்துக்கொண்டு கதையோடு கூடவே ஒரு வரைபடம் வரைந்தால் போதும்.

தாளின் ஓரத்தில் கான்சாஸ், கதையின் நாயகியான சிறுமி டோரதியின் ஊர். வெயிலில் காய்ந்த நிலம், புல், வீட்டுச் சுவர், எம் அத்தையின் கன்னம்கூட சாம்பல் நிறம். நாய்க்குட்டி டோட்டோ மட்டும் கறுப்பு. இந்தப் பக்கங்களை அவசரமாகத் தாண்டாதீர்கள், சாம்பல் மனதில் பதிந்தால்தான் சூறாவளி தூக்கிப்போன வீடு தரையிறங்கி டோரதி கதவைத் திறக்கும்போது கண் கூசும்.

அப்புறம் நடுவில் ஓஸ். கிழக்கே மஞ்ச்கின்களுக்கு நீலம், மேற்கே விங்கிகளுக்கு மஞ்சள், தெற்கே குவாட்லிங்குகளுக்குச் சிவப்பு. வடக்கை வெறுமனே விடுங்கள், அதன் ஊதா 1904இல் வந்த அடுத்த புத்தகத்தில்தான் வருகிறது. சுற்றிலும் பாலைவனம்.

மையத்தில் இருக்கும் மரகத நகரத்துக்கு மட்டும் பச்சைப் பென்சிலே வேண்டாம். கோட்டோவியமாக வரைந்து, மேலே அந்தக் கண்ணாடித்தாளை ஒட்டாமல் வையுங்கள். வாசல் காவலன் எல்லாருக்கும், டோட்டோவுக்கும்கூட, பச்சைக் கண்ணாடி மாட்டிப் பூட்டிவிடுகிறான். அரண்மனையில் டோரதி உடுத்திய பச்சைப் பட்டு உடை, ஊரைவிட்டு வெளியே வந்த பிறகு பார்த்தால் சுத்த வெள்ளை! அந்த வரி வரும்போது எதையும் விளக்காமல், கண்ணாடித்தாளைக் குழந்தையையே எடுக்கச் சொல்லுங்கள்.

துணைக்கு வருகிறவர்களைச் சந்திக்கிற இடத்திலேயே வரையுங்கள்: சோளக்கொல்லையில் நீலச் சட்டை போட்ட வைக்கோல் பொம்மை, காட்டில் கோடாரியை ஓங்கியபடி துருப்பிடித்து நிற்கும் தகர மனிதன், அப்புறம் கோழைச் சிங்கம். தன்னிடம் இல்லை என்று வருந்துகிற குணத்தை ஒருவர் காட்டும்போதெல்லாம் அவர் பக்கத்தில் ஒரு புள்ளி. மூளை கேட்கிற பொம்மைதான் பள்ளத்தைக் கடக்க மரத்தை வெட்டிப் பாலமாகப் போடச் சொல்கிறது. இதயம் கேட்கிற தகர மனிதனோ, தெரியாமல் ஒரு வண்டை மிதித்துக் கொன்றுவிட்டு அழுகிறான், கண்ணீர் வழிந்து தாடை துருவேறி வாயே திறக்க முடியவில்லை. புள்ளிகள் நிறையச் சேரும், குழந்தையே அதைக் கவனித்துக் கேட்கட்டும்.

திரைப்படம் பார்த்த பிள்ளை டோரதியின் காலணிக்குச் சிவப்பை எடுக்கும். சிவப்பு 1939 திரைப்படத்தில் வந்தது. புத்தகத்தில் அவை வெள்ளிக் காலணிகள். கடைசி அத்தியாயம் முடிந்ததும் அந்த ஜோடியைப் பாலைவனத்தில் வரையுங்கள், வீட்டுக்குப் பறக்கும்போது அங்கேதான் கழன்று விழுகின்றன.