தார் எஸ் சலாமுக்குப் புதிதாக வந்தவர்களுக்கு: சுவாஹிலியைத் தமிழிலிருந்து தொடங்குங்கள்

"ஆங்கிலம் போதும், சமாளித்துக்கொள்ளலாம்" என்று சொல்லித்தான் பலரையும் இங்கே, டான்சானியாவுக்கு, அனுப்பிவைக்கிறார்கள். அது அலுவலக வாசலோடு சரி. காய்கறிக்காரர், டாலாடாலா என்னும் சிற்றுந்து, வீட்டுக் காவலாளி, மருந்துக்கடை என்று மற்ற எல்லா இடத்திலும் சுவாஹிலிதான். நம் ஆட்டோவுக்கு இங்கே பெயர் பஜாஜி. பேசா (பணம்), சப்பாத்தி, காரி (வண்டி) என்று நமக்குத் தெரிந்த இந்தியச் சொற்கள் பல காதில் விழும். லட்சத்துக்கு 'லாக்கி' என்பார்கள். வீட்டு வாடகை பேசும்போது 'லாக்கி டானோ' என்று கேட்டால் ஐந்து லட்சம் ஷில்லிங்.

முதல் நாளே பழக வேண்டியது வணக்கம். வயதில் மூத்தவரைக் கண்டால் 'ஷிக்கமோ'. அவர் 'மரஹாபா' என்று ஏற்றுக்கொள்வார். சம வயதினரிடம் 'ஹபாரி?' என்று கேளுங்கள், பதில் 'ந்ஸூரி'. இளைஞர்கள் 'மாம்போ?' என்றால் 'போவா' என்று சொல்லுங்கள். உடம்பு சரியில்லை என்றாலும் முதலில் 'ந்ஸூரி' சொல்லிவிட்டு, பிறகுதான் விஷயத்தைச் சொல்வது வழக்கம். நலம் விசாரிக்காமல் நேரே விலை கேட்டால் மரியாதைக் குறைவாகப் படும். கடைக்காரரை அண்ணா, அக்கா என்று நம் ஊரில் கூப்பிடுவதுபோல இங்கே 'காக்கா', 'டாடா'. பெரியவர் என்றால் ஆணுக்கு 'ம்ஸே', பெண்ணுக்கு 'மாமா'.

தமிழ் நாக்கு தடுக்கும் இடம் ஒன்று உண்டு. அதைத் தொடக்கத்திலேயே சரிசெய்யாவிட்டால் பிறகு கஷ்டம். நம் எழுத்தில் ஒரே ட, ஒரே ப, ஒரே க. சுவாஹிலியில் அவை இரண்டிரண்டு. 'டாமு' என்ற சொல்லை 'டீ' என்பதன் ட-வில் தொடங்கினால் இனிப்பு. 'டாக்டர்' என்பதன் ட-வில் தொடங்கினால் ரத்தம். 'பாட்டா' என்பதை 'பால்' என்பதன் ப-வில் தொடங்கினால் கிடைப்பது. 'பஸ்' என்பதன் ப-வில் தொடங்கினால் வாத்து. சொல்லின் நடுவில் வரும் க, ட, ப-க்களையும் நாம் பழக்கத்தில் மென்மையாக்கிவிடுவோம். அது நடக்காமல் இருக்கத்தான் கோழியை இந்தக் கட்டுரையில் 'கூக்கு' என்று க் சேர்த்து எழுதுகிறோம். அழுத்திச் சொல்வதற்காக அல்ல. ஸ-விலும் இரண்டு வகை. 'ந்ஸூரி'யில் வருவது தொண்டை அதிரும் ஸ. கொசு ரீங்கரிப்பதுபோல ஒலிக்க வேண்டும்.

மற்ற ஒலிகள் நமக்குச் சொந்தம். தக்காளி 'ஞாஞா', வீடு 'ஞூம்பா', மாடு 'ஙோம்பே'. இரண்டுக்கு 'ம்பிலி': 'கம்பி'யில் க-வை விட்டுவிட்டுச் சொல்லிப் பாருங்கள். மனிதன் 'ம்டு'. முன்னால் இ போட்டு 'இம்டு' ஆக்கிவிட வேண்டாம். கதை கேட்கும்போது வாய் மூடி 'ம்' கொட்டுவோமே, அதுவே இங்கே தனி அசை.

வினைச்சொல்லில்தான் தமிழருக்குப் பெரிய லாபம். 'படிக்கிறேன்' என்பதைப் பிரித்தால் படி, க்கிற், ஏன். சுவாஹிலியில் 'நினாசோமா': நி (நான்), நா (நிகழ்காலம்), சோமா (படி). அதே மூன்று துண்டுகள், வரிசை மட்டும் தலைகீழ். 'நா' இருந்த இடத்தில் 'லி' வைத்தால் நிலிசோமா, படித்தேன். 'டா' வைத்தால் நிட்டாசோமா, படிப்பேன். ஆளைக் காட்டும் முன்னொட்டுகள் ஆறு: நி (நான்), ஊ (நீ), ஆ (அவன், அவள் இரண்டுக்கும்), டூ (நாம்), ம் (நீங்கள்), வா (அவர்கள்). ஆண், பெண் வேறுபாடு இல்லை. அகராதியில் தேடும்போது இந்த முன்துண்டுகளைக் கழற்றிவிட்டு, மிஞ்சும் வேரைத் தேடுங்கள்; 'நினாசோமா' என்று தேடினால் கிடைக்காது. எதிர்மறைகளை முதலில் அப்படியே மனப்பாடம் செய்யுங்கள்: சியெலேவி (புரியவில்லை), சிஜூயி (தெரியாது), சிட்டாக்கி (வேண்டாம்). எதையாவது கேட்கும்போது 'நட்டாக்கா' (எனக்கு வேண்டும்) முரட்டுத்தனமாக ஒலிக்கும். 'நாஓம்பா' என்று தொடங்குங்கள். 'நாஓம்பா மாஜி' என்றால் தண்ணீர் கொடுங்கள்.

பெயர்ச்சொற்களுக்குத் திணைபோலப் பல வகுப்புகள் உண்டு. நாற்காலி 'கீட்டி', பன்மை 'வீட்டி'. எண்ணும் அடைமொழியும் அதற்கேற்ப மாறும்: கீட்டி கிமோஜா (ஒரு நாற்காலி), வீட்டி விவிலி (இரண்டு நாற்காலிகள்). ஒருமையையும் பன்மையையும் சேர்த்தே படியுங்கள். இதில் தவறினாலும் எதிரில் இருப்பவருக்குப் புரியும், அதனால் பேச்சை நிறுத்த வேண்டாம்.

கடிகாரத்தில் தவறினால் நஷ்டம். நாழிகைபோல இங்கேயும் பகல் தொடங்கும் நேரத்திலிருந்துதான் மணி எண்ணுவார்கள். காலை 7 மணி 'சா மோஜா', ஒரு மணி. நண்பகல் 12 'சா சீட்டா', ஆறு மணி. மின்பணியாளர் 'சா டாட்டு' என்று சொல்லிவிட்டுக் காலை 9 மணிக்கு வந்து கதவைத் தட்டுவார்; நீங்கள் மாலை 3 மணிக்கு என்று நினைத்து வெளியே போயிருப்பீர்கள். முள் கடிகாரத்தில் சிறிய முள்ளுக்கு நேர் எதிரே உள்ள எண்தான் சுவாஹிலி மணி. எப்போதும் 'அசுபூஹி' (காலை), 'ம்சானா' (பகல்), 'ஜியோனி' (மாலை), 'உசீக்கு' (இரவு) சேர்த்துக் கேட்டு உறுதிசெய்யுங்கள். பேருந்து முன்பதிவில் இது மிக முக்கியம்.

சந்தையில் நெல் 'ம்பூங்கா', அரிசி 'ம்செலே', சோறு 'வாலி'. நம்மைப்போலவே மூன்று சொற்கள். உணவகத்தில் 'ம்செலே' கேட்டால் அரிசி கேட்டதாகிவிடும். இளநீர் 'டாஃபு', தேங்காய் 'நாஸி', தேங்காய்ப்பால் 'டூயி'. தக்காளி, கத்திரிக்காய் போன்றவை பெரும்பாலும் எடையில் அல்ல, 'ஃபூங்கு' என்னும் கூறாகக் கிடைக்கும். 'ஃபூங்கு ஷிலிங்கி ங்காப்பி?' என்று கூறின் விலையைக் கேளுங்கள். எண்ணில் ஓரிடத்தில் கவனம்: 'மியா டானோ' 500, 'மியா நா டானோ' 105. பேச்சுவழக்கில் 'பூக்கு' என்றால் 1000 ஷில்லிங்.

முறையாகப் படிக்க விரும்பினால் தார் எஸ் சலாம் பல்கலைக்கழகத்தில் சுவாஹிலிக்கென்றே 'டாட்டாக்கி' என்னும் ஆய்வு நிறுவனம் இருக்கிறது. ஸான்ஸிபார் தீவின் அரசுப் பல்கலைக்கழகத்தில் வெளிநாட்டவருக்கு வகுப்புகள் நடக்கின்றன. சுவாஹிலியின் பொதுத்தரத்துக்கு 1928-ல் அடிப்படையாகத் தேர்ந்தது ஸான்ஸிபார் நகரப் பேச்சையே என்பதால் அங்கே போய்ப் படிப்பது நல்ல யோசனை.

பழகியவர்கள் 'உமேக்கூலா?' (சாப்பிட்டாயா?) என்பார்கள். மணமாகிவிட்டதா என்று ஆணிடம் 'உமேயோவா?', பெண்ணிடம் 'உமேயோலேவா?' என்றும் கேட்பார்கள். இல்லையென்றால் 'ஹப்பானா' (இல்லை) என்று வெட்டிச் சொல்லாமல் 'பாடோ' (இன்னும் இல்லை) என்று சொல்லுங்கள். யாராவது தடுக்கி விழுந்தாலோ களைத்து வந்தாலோ உங்கள் தவறு இல்லாவிட்டாலும் 'போலே' சொல்ல வேண்டும். மன்னிப்புக் கேட்க 'சமஹானி' என்று தனிச்சொல் உண்டு.