சங்கடத்தைப் படமாக்கும்போது தவிர்க்க வேண்டிய தவறுகள்

வேலூரில் குறும்படம் எடுக்கும் தம்பி தங்கைகள் பலர் நகர வாழ்க்கையின் சங்கடங்களைக் கதையாக எடுக்கிறார்கள். நல்ல விஷயம். ஆனால் முக்கால்வாசிப் படங்களைக் கெடுப்பது ஒரே தவறுதான்: சங்கடத்தை வசனமாகப் பேசிவிடுவது.

சத்துவாச்சாரியில் ஒரு பையன் வாடகைக்கு வீடு பார்க்கிறான் என்று வையுங்கள். வீட்டுக்கார அம்மா கேட்கிறார்:

"தம்பிக்கு எந்த ஊரு?"

"குடியாத்தம் பக்கம்மா."

"பக்கம்னா?"

அவன் கிராமத்தின் பெயரைச் சொல்கிறான்.

"அங்க எந்தத் தெரு?"

இந்தக் கேள்வியிலேயே பார்ப்பவருக்கு வயிற்றைப் பிசையும். உடனே பையன் "என் சாதியைத்தானே கேக்குறீங்க?" என்று பொங்கினால் அத்தனை கனமும் இறங்கிவிடும். அவனைப் பேச விடாதீர்கள். கூட வந்த புரோக்கருக்கு எவர்சில்வர் டம்ளரில் தண்ணீர் வருகிறது, பையனுக்குப் பேப்பர் கப்பில். கேமரா அந்தக் கப்பைப் பிடித்திருக்கும் விரல்களில் நாலு விநாடி நிற்கட்டும். அவசரப்பட்டு கட் செய்யாதீர்கள்.

அந்த நாலு விநாடியில் சோக வயலினைக் கொண்டுவந்து போடுவது அடுத்த தவறு. குக்கர் விசில், தெருவில் போகும் ஆட்டோ, இவை போதும். ஷூட்டிங் முடிந்து கிளம்புமுன் எல்லோரும் வாயை மூடி, அந்த அறையின் சத்தத்தை மட்டும் ஒரு நிமிடம் பதிவு செய்துகொள்ளுங்கள். எடிட்டிங்கில் வசனங்களுக்கு இடையே அதுதான் கைகொடுக்கும். வசனம் எடுக்கும்போது மே மாத வெயிலானாலும் ஃபேன் ஓடக் கூடாது. வழியும் வேர்வையும் காட்சிக்கு உதவும். அப்புறம், டியூப்லைட் வெளிச்சத்தில் கேமராவின் ஷட்டர் வேகத்தை 1/50 விநாடியில் வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ் என்பதால் வேறு வேகத்தில் படம் மினுக்கலாம்.

இன்னொன்று எனக்கு நிஜமாகவே வலிக்கிறது. சிஎம்சி மருத்துவமனை எதிரே இருக்கும் லாட்ஜ் சந்துகளில் வங்காளத்திலிருந்து வைத்தியத்துக்கு வந்து தங்கும் குடும்பங்களைச் சிரிப்புக்காக வைப்பது. கையில் ஃபைலோடு, பாஷை தெரியாமல், வாடகையை நாள்கணக்கில் எண்ணிக்கொண்டிருப்பவர்கள் அவர்கள். இந்த ஊரின் பெரிய சங்கடமே அங்கேதான் இருக்கிறது. நிஜம் வேண்டும் என்று நோயாளிகளைத் தெரியாமல் படம் பிடிக்கவே பிடிக்காதீர்கள். நடிகரை வைத்து எடுங்கள்.

கோட்டையை ட்ரோனில் காட்டித் தொடங்கும் ஆசையையும் விடுங்கள். கோட்டை தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருக்கிறது, அனுமதி இல்லாமல் எடுக்க முடியாது. காட்பாடியிலிருந்து பாகாயம் போகும் பஸ்ஸில் தொடங்கலாம். கூட்டம் நெருக்கியடிக்கிறது. ஒருவர் பக்கத்தில் மட்டும் சீட் காலியாகவே வருகிறது.