புளோரன்ஸ் லாரன்ஸைப் பற்றி எழுதுகிறவர்கள் தவிர்க்க வேண்டிய தவறுகள்

அமெரிக்கப் பேசாப்பட நடிகை புளோரன்ஸ் லாரன்ஸைப் பற்றிப் படித்தால் பெரும்பாலும் இரண்டே காட்சிகள்தான் கிடைக்கும்: 1910-ல் அவர் இறந்துவிட்டதாகக் கிளம்பிய வதந்தி, 1938-ல் நிஜமாகவே நேர்ந்த சாவு. நடுவில் அவர் நடித்ததெல்லாம் இரண்டு வரியில் போய்விடும். எனக்கு அது பொறுக்கவில்லை. இவரைப் பற்றி எழுத நினைக்கிறவர்கள் எங்கெல்லாம் தடுக்கி விழுகிறார்கள் என்று சொல்கிறேன்.

கல்லறைக் கல்லை அப்படியே நம்பாதீர்கள். ஹாலிவுட்டில் அவரைப் புதைத்த இடத்தில் 1991 வரை பெயரே கிடையாது. பிறகு வைத்த கல்லில் பிறந்த ஆண்டு 1890 என்று இருக்கிறது. அவர் பிறந்தது 1886-ல், கனடாவின் ஹாமில்டன் நகரில். 'முதல் திரை நட்சத்திரம்' என்றும் அதே கல் சொல்கிறது. பிரான்சில் நகைச்சுவை நடிகர் மாக்ஸ் லிண்டர் அதற்கு முன்பே புகழ் பெற்றிருந்தார். அமெரிக்காவிலும் 1910 ஜனவரியில் கேலம் என்ற படநிறுவனம் தன் நடிகர்களின் புகைப்படங்களைப் பெயரோடு வெளியிட்டது. 'முதல் நட்சத்திரங்களில் ஒருவர்' என்று எழுதினாலே போதும். அதனால் அவர் பெருமை குறைந்துவிடாது.

அடுத்தது அந்த வதந்திக் கதை. டிராம் மோதி லாரன்ஸ் இறந்தார் என்ற செய்தியைத் தயாரிப்பாளர் கார்ல் லெம்லியே பரப்பினார், பிறகு அவரே அதைப் பொய் என்று மறுத்து விளம்பரம் கொடுத்தார் என்பார்கள். 1910 மார்ச்சில் அந்த மறுப்பு விளம்பரம் வந்தது உண்மை. லாரன்ஸும் நடிகர் கிங் பேகட்டும் செயின்ட் லூயிஸ் நகருக்குப் போய் ரசிகர் கூட்டத்தின் முன் நின்றதும் உண்மை. வதந்தியைக் கிளப்பியதே லெம்லிதான் என்பதை மட்டும் தீர்ந்துபோன விஷயமாக எழுதாதீர்கள். அதோடு, லெம்லி ஆசை காட்டித்தான் அவரை பயோகிராஃப் நிறுவனத்திலிருந்து இழுத்தார் என்பதும் சரியில்லை. லாரன்ஸும் கணவர் ஹாரி சோல்ட்டரும் வேறு வேலை தேடி எஸ்ஸனே நிறுவனத்துக்கு எழுதினார்கள். எஸ்ஸனே அதை பயோகிராஃபிடம் சொல்லிவிட, இருவருக்கும் வேலை போனது. அதற்கு அப்புறம்தான் லெம்லி வருகிறார்.

'பயோகிராஃப் பெண்' என்ற பட்டத்திலும் கவனம் வேண்டும். அந்த நிறுவனம் நடிகர்களின் பெயரை வெளியிடாததால் ரசிகர்களே வைத்த பெயர் அது. லாரன்ஸ் விலகிய பிறகு அதே பெயர் மேரி பிக்ஃபோர்டுக்கும் போனது. 1909-க்குப் பிந்தைய குறிப்பில் அந்தப் பட்டத்தைப் பார்த்தால் யாரைச் சொல்கிறார்கள் என்று சரிபார்த்துக்கொள்ளுங்கள்.

காருக்குத் திரும்பும் சைகை காட்டும் கைகாட்டியை அவர் உருவாக்கியது உண்மை. ஆனால் அதற்குக் காப்புரிமை வாங்கவில்லை. காப்புரிமை வாங்கியது அவருடைய தாய் சார்லட் பிரிட்ஜ்வுட், அதுவும் மின்சாரக் கண்ணாடித் துடைப்பானுக்கு. பல கட்டுரைகளில் இரண்டும் ஒன்றாகக் குழம்பிக் கிடக்கின்றன.

பெரிய தவறு அவருடைய படங்களை அணுகுவதில்தான் நடக்கிறது. சுமார் 300 படங்கள் என்றதும் இன்றைய முழுநீளப் படக் கணக்கு போட்டுவிடுகிறார்கள். அவற்றில் பெரும்பாலானவை ஒரே ரீல், அதாவது 1,000 அடி, அல்லது அதற்கும் குறைவு. நொடிக்கு 16 பிரேம் வேகத்தில் ஓட்டினால் 1,000 அடி ஏறக்குறைய 17 நிமிடம் வரும். அதையே 24 பிரேமில் ஓட்டினால் 11 நிமிடத்தில் முடிந்துவிடும். அப்படி வேகம் கூட்டிய பிரதியைப் பார்த்துவிட்டு 'கைகாலை உதறி மிகையாக நடிக்கிறார்' என்று எழுதுவது அநியாயம். முதலில் வேகத்தைக் குறைத்துப் பாருங்கள். அவர் தலை திருப்புவதிலும் தயங்கி நிற்பதிலும் எவ்வளவு நிதானம் இருக்கிறது என்று தெரியும்.

கிடைக்கிற படங்களை வைத்து முழு வாழ்க்கையையும் எடைபோடுவதும் கூடாது. அமெரிக்கப் பதிப்புரிமைச் சட்டம் 1912 வரை திரைப்படத்தைத் தனி வகையாக ஏற்கவில்லை. அதனால் படங்களைக் காகிதச் சுருளில் அச்சிட்டு, புகைப்படங்களாகப் பதிவு செய்தார்கள். பயோகிராஃபின் சுருள்கள் அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தில் தங்கியதால் டி. டபிள்யூ. கிரிஃபித் இயக்கத்தில் அவர் நடித்தவை பிழைத்தன. லெம்லியிடம் நடித்தவையும், 1912-ல் கணவரோடு சேர்ந்து தொடங்கிய விக்டர் நிறுவனத்தில் எடுத்தவையும் பெரும்பாலும் அழிந்துவிட்டன. சொந்தமாக நிறுவனம் நடத்திய ஒரு பெண்ணை 'கிரிஃபித்தின் கண்டுபிடிப்பு' என்று சுருக்குவது இதனால்தான் எளிதாகிப்போகிறது. கிரிஃபித் இயக்கத் தொடங்கும் முன்பே அவர் விட்டாகிராஃப் நிறுவனத்தின் படங்களில் நடித்துக்கொண்டிருந்தார்.

முடிவைப் பற்றி எழுதும்போது நிதானம் தேவை. புகழ் போனதால் உயிரை மாய்த்துக்கொண்டார் என்று ஒரே வரியில் காரணம் சொல்கிறார்கள். 1930-களில் அவர் எம்.ஜி.எம் படநிறுவனத்தில் சிறு வேடங்களில் வேலை செய்துகொண்டுதான் இருந்தார். எலும்பு மஜ்ஜையைத் தாக்கிய தீராத நோயும் வலியும் அவருக்கு இருந்தன. இதைச் சொல்லாமல் விடக்கூடாது.

எங்கிருந்து தொடங்கலாம் என்றால், 1908-09-ல் வந்த ஜோன்ஸ் தம்பதி நகைச்சுவைப் படங்களில் ஒன்றைப் பாருங்கள். அப்புறம் டால்ஸ்டாய் கதையை வைத்து கிரிஃபித் 1909-ல் எடுத்த 'புத்துயிர்ப்பு' படத்தில் அவரைக் கதாநாயகி கத்யூஷாவாகப் பாருங்கள். இரண்டும் ஒரே ஆள் நடித்தவை.