பழக்கமில்லாத ஆங்கிலச் சொற்களின் பொருளையும் ஒலிப்பையும் அறியும் முறை

ஆங்கிலச் சொல் ஒன்றை முதன்முறையாகக் காணும்போது எழுத்துக் கூட்டிப் படிக்க முயல்வதைவிட, அது எம்மொழியிலிருந்து வந்தது என்பதை நல்ல அகராதி ஒன்றில் முதலில் பார்ப்பதே பயன் தரும்.

கிரேக்கச் சொற்களே நம்மவரை அதிகம் ஏமாற்றுகின்றன. உயர்வு நவிற்சியைக் குறிக்கும் சொல்லைப் பலர் ‘ஹைபர்போல்’ என்று படிக்கிறார்கள். அதன் இறுதியிலுள்ள ‘ஈ’ என்னும் எழுத்து ஒலிக்கும் என்பதால் ‘ஹைபர்பலி’ என்பதே சரி. ஒரு பண்புக்கு முழுமையான எடுத்துக்காட்டாக விளங்குபவரைச் சுட்டும் ‘எபிடமி’, பேரழிவைக் குறிக்கும் ‘கடாஸ்ட்ரஃபி’ ஆகியவையும் இவ்வினமே. ஆனால் இதை விதியாகக் கொண்டுவிட வேண்டாம்: ‘மைக்ரோஸ்கோப்’ கிரேக்க வேர்களால் ஆனதே, எனினும் அங்கே இறுதி எழுத்து ஒலிப்பதில்லை. புனைபெயரைக் குறிக்கும் ‘சூடனிம்’ என்பதிலோ முதலெழுத்தாகிய ‘பி’ (p) ஒலிக்காது.

பிரெஞ்சிலிருந்து வந்தவற்றில் இறுதி மெய் பெரும்பாலும் மறைந்துவிடும். ஆட்சிக் கவிழ்ப்பைக் குறிக்கும் சொல் வெறும் ‘கூ’ என்றே ஒலிக்கும். ‘கர்னல்’ என்பதன் கதை வேறு. இத்தாலியில் ‘எல்’ ஒலியுடன் இருந்த அந்தப் படைப்பதவிப் பெயர், பிரெஞ்சில் ‘ஆர்’ ஒலி பெற்று ஆங்கிலத்துக்கு வந்தது. பின்னர் எழுத்தை மட்டும் இத்தாலிய வடிவத்தை ஒட்டி மாற்றினார்கள், பேச்சிலோ ‘ஆர்’ நிலைத்துவிட்டது. நம் நாளிதழ்கள் எழுத்தைப் பார்க்காமல் ஒலியைப் பின்பற்றி எழுதுவது பாராட்டத்தக்கது. கடனைக் குறிக்கும் ‘டெட்’ என்னும் சொல்லில் ஒலிக்காத ‘பி’ (b) இருப்பதற்குக் காரணம், லத்தீன் மூலத்தை நினைவூட்டக் கற்றோர் அதை இடையில் செருகியதே.

அடுத்து, அகராதியின் ஒலிப்புக் குறிப்பைப் படியுங்கள். மேலே இடப்படும் சிறு செங்குத்துக் கோடு, அதற்கு அடுத்து வரும் அசையை அழுத்திச் சொல்ல வேண்டும் என்று காட்டும். தலைகீழாக அச்சிட்ட சிறிய ‘ஈ’, அழுத்தமின்றித் தேய்ந்து ஒலிக்கும் உயிரைக் குறிக்கும். ‘ஹைபர்பலி’யில் அழுத்தம் இரண்டாம் அசையில் விழுகிறது. தமிழில் ஒலிப்பை எழுதி வைப்பவர்கள் அந்த அசைக்கு அடிக்கோடிட்டுக்கொள்வது நல்லது. பதிவுசெய்த ஒலிப்பைக் கேட்கும்போது பிரிட்டன், அமெரிக்கா என இரண்டில் ஒன்றைத் தேர்ந்து அதையே பின்பற்றுங்கள். ஒரே படைப்பதவி பிரிட்டனில் ‘லெஃப்டெனன்ட்’, அமெரிக்காவில் ‘லூடெனன்ட்’.

இங்கிலாந்து ஊர்ப்பெயர்களுக்கு எந்த வழியும் உதவாது; ‘லெஸ்டர்’, ‘கிரெனிச்’ போன்றவற்றை மனப்பாடம் செய்யத்தான் வேண்டும். நம் மிளகுத்தண்ணீரிலிருந்து சென்ற ‘மலிகடானி’யையும் அகராதி பார்த்தே சொல்லுங்கள், ஏனெனில் ஆங்கிலத்தில் அதன் முதன்மை அழுத்தம் ‘டா’ என்னும் அசையில் விழுகிறது.