ஹாம் ரேடியோ கேட்கப் பழகுவது எப்படி? பேண்டுகள், நேரம், எஸ்.எஸ்.பி. டியூனிங்

ஹாம் ரேடியோ என்பது பொழுதுபோக்காக ஒருவரோடு ஒருவர் ரேடியோவில் பேசிக்கொள்வது. அதில் பேச உரிமம் வேண்டும். கேட்பதற்கு என்ன விதி என்று உங்கள் நாட்டுச் சட்டத்தை ஒருமுறை பார்த்துக்கொள்ளுங்கள். இந்தப் பதிவு கேட்பதைப் பற்றி மட்டும்தான். உரிமத் தேர்வுக்காகப் பேண்டுகளின் (அதிர்வெண் பட்டைகளின்) பட்டியலை மனப்பாடம் செய்வதைவிட, கொஞ்ச நாள் காதால் கேட்டுப் பழகினால் அவை தானாக மனதில் நிற்கும்.

முதலில் ஒரு கணக்கு

300-ஐ மெகாஹெர்ட்ஸ் எண்ணால் வகுத்தால் அலைநீளம் மீட்டரில் வரும். 7.1 மெகாஹெர்ட்ஸுக்கு 42 மீட்டர் சொச்சம். அதனால் அது 40 மீட்டர் பேண்ட். 14.2 என்றால் 20 மீட்டர் பேண்ட். 145 என்றால் 2 மீட்டர். ஆன்டெனாவின் நீளமும் இதிலிருந்துதான் வருகிறது. அரை அலை டைப்போல் என்ற எளிய கம்பி ஆன்டெனாவுக்கு 300-க்குப் பதில் 143-ஐ வகுங்கள்: 7.1-க்குக் கிட்டத்தட்ட 20 மீட்டர் கம்பி, நடுவில் வெட்டி இரண்டு பக்கமும் பத்துப் பத்து மீட்டர்.

எந்த நேரத்தில் எந்தப் பேண்ட்

சிற்றலை ரேடியோ அலைகள் வெகுதூரம் போவதற்குக் காரணம் அயனி மண்டலம். சூரியக் கதிர்கள் மேல் வளிமண்டல வாயுக்களை அயனிகளாக்குகின்றன. 200 கிலோமீட்டருக்கு மேலே இருக்கும் எஃப் அடுக்கு அலையை வளைத்துத் தரைக்கே திருப்பி அனுப்புகிறது. ஆனால் பகலில் அதற்குக் கீழே, 60 முதல் 90 கிலோமீட்டர் உயரத்தில், டி அடுக்கு உருவாகிறது. அது குறைந்த அதிர்வெண்களை விழுங்கிவிடும். பொழுது சாய்ந்ததும் அது கலைந்துபோகும்.

அதனால்தான் 80 மீட்டரும் 40 மீட்டரும் இரவில் களைகட்டுகின்றன. 40-ல் பகலில் சில நூறு கிலோமீட்டருக்குள் இருப்பவர்களின் குரல் கேட்கும். இருட்டிய பிறகு வேறு கண்டத்துக் குரல்கள் வரும். 20 மீட்டர் பகல் பேண்ட். 10 மீட்டர் சூரியனின் 11 ஆண்டுச் சுழற்சி உச்சத்தில் இருக்கும்போது பிரமாதமாகத் திறக்கும், மற்றக் காலங்களில் பெரும்பாலும் அமைதி. 2 மீட்டர் அலை பொதுவாக அயனி மண்டலத்தைத் துளைத்துக்கொண்டு விண்வெளிக்குப் போய்விடும். தரையில் அதன் வீச்சு ஏறக்குறைய தொடுவானம் வரைதான்.

எதில் கேட்பது

கருவி வாங்குவதற்கு முன் நெதர்லாந்தின் ட்வென்ட்டே பல்கலைக்கழகத்தில் இயங்கும் வெப்எஸ்டிஆரை (இணையம் வழியே யாரும் டியூன் செய்து கேட்கக்கூடிய ரேடியோ) உலாவியில் திறந்து பாருங்கள். சொந்தமாக ஒன்று வேண்டுமென்றால் ஆர்டிஎல்-எஸ்டிஆர் டாங்கிள் (கணினியில் செருகும் சிறு ரேடியோ ரிசீவர்) போதும். மென்பொருளில் என் தேர்வு எஸ்டிஆர்++. விண்டோஸ், லினக்ஸ், மேக் மூன்றிலும் ஓடும், தேவையில்லாத பொத்தான்கள் குறைவு. சாதாரண டாங்கிள் ஏறக்குறைய 24 மெகாஹெர்ட்ஸுக்கு மேல்தான் எடுக்கும். 40 மீட்டர் கேட்க, டைரக்ட் சாம்ப்ளிங் (குறைந்த அதிர்வெண்களை நேரடியாக எடுக்கும்) வசதி உள்ளதா என்று பார்த்து வாங்குங்கள், இல்லாவிட்டால் தனியாக ஒரு அப்கன்வர்ட்டர் (அதிர்வெண்ணை உயர்த்தித் தரும் கருவி) வேண்டும்.

குரல் புரியவில்லையா?

பெரும்பாலானவர்கள் நிற்கும் இடம் இதுதான். எனக்கும் இது பிடிபட நேரமானது. 40 மீட்டரில் யாரோ பேசுவது நன்றாகவே தெரியும், ஆனால் ஒரு சொல்கூடப் புரியாது. ஏஎம் ஒலிபரப்பில் நடுவே ஒரு கேரியர் அலையும் (குரலைச் சுமக்கும் அலை), இரு பக்கமும் ஒரே குரலின் இரண்டு பிரதிகளும் இருக்கும். ஹாம்கள் சிற்றலையில் பேசும் எஸ்.எஸ்.பி. (சிங்கிள் சைடுபேண்ட்) முறையில் கேரியரையும் ஒரு பக்கத்தையும் நீக்கிவிட்டு மிச்சமுள்ள ஒரு பக்கத்தை மட்டும் அனுப்புகிறார்கள். மின்சக்தி மிச்சம், இடமும் மிச்சம். நீக்கிய கேரியரை உங்கள் ரேடியோ தானே உருவாக்கிச் சேர்க்க வேண்டும். அதன் இடம் 100 அல்லது 200 ஹெர்ட்ஸ் தள்ளிப்போனாலே குரல் கீச்சென்றோ கரகரவென்றோ மாறிவிடும்.

செய்ய வேண்டியது இவ்வளவுதான். 10 மெகாஹெர்ட்ஸுக்குக் கீழே எல்.எஸ்.பி. (கேரியருக்குக் கீழ்ப் பக்கம்), மேலே யு.எஸ்.பி. (மேல் பக்கம்) வைத்துக்கொள்ளுங்கள் (60 மீட்டர் மட்டும் விதிவிலக்கு, அங்கே யு.எஸ்.பி.). டியூனிங் ஸ்டெப்பை 10 ஹெர்ட்ஸுக்கு இறக்குங்கள். ஸ்டெப் 1 கிலோஹெர்ட்ஸில் இருந்தால் சரியான இடத்தைத் தாண்டிக்கொண்டே இருப்பீர்கள். அப்புறம் மென்பொருளில் வாட்டர்ஃபால் படத்தை (அதிர்வெண்களின் வலுவை நிறமாகக் காட்டி நகரும் படம்) பாருங்கள். ஒரு குரல் இரண்டரை கிலோஹெர்ட்ஸ் அகலத்தில் பட்டையாக ஓடும். அதன் ஒரு ஓரம் பிரகாசமாக இருக்கும், மறு ஓரம் மங்கிப்போகும். குரலின் அடித்தொனிகளில்தான் வலு அதிகம், அதனால் பிரகாசமான ஓரம்தான் கேரியர் இருந்த பக்கம். எல்.எஸ்.பி.யில் அது வலது ஓரம், யு.எஸ்.பி.யில் இடது. டியூனிங் கோட்டை அந்த ஓரத்துக்குச் சற்று வெளியே வைத்து, எல்.எஸ்.பி. என்றால் குரல் கீச்சிடும்போது கீழேயும் கரகரக்கும்போது மேலேயும் நகர்த்துங்கள். யு.எஸ்.பி.யில் இது தலைகீழ். மனிதக் குரல் போலக் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள்.

பின்சேர்க்கை

பேண்ட் திறந்திருக்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது எனச் சிலர் கேட்டிருந்தார்கள். 14.100 மெகாஹெர்ட்ஸில் உலகின் வெவ்வேறு மூலைகளிலிருந்து 18 பீக்கன் நிலையங்கள் (அடையாளச் சமிக்ஞை அனுப்புபவை) ஆளுக்குப் பத்து விநாடியாக முறை வைத்து மோர்ஸில் அனுப்புகின்றன. மூன்று நிமிடம் கேட்டால் ஒரு சுற்று முடிந்துவிடும். ஒவ்வொன்றும் தன் அழைப்புக்குறியை (நிலையத்தின் அடையாளப் பெயர்) 100 வாட்டில் அனுப்பிவிட்டு, 100, 10, 1, 0.1 வாட் என்று படிப்படியாகக் குறைத்து நான்கு நீண்ட ஒலிகளை அனுப்பும். கடைசி ஒலியும் கேட்டால் அன்று 20 மீட்டர் அருமையாக இருக்கிறது என்று அர்த்தம்.

145.800 மெகாஹெர்ட்ஸில் சர்வதேச விண்வெளி நிலையத்தின் ஒலிபரப்பு கேட்கவில்லை என்றவர்களுக்கு: அது எஃப்.எம்., எஸ்.எஸ்.பி. அல்ல. நிலையம் உங்கள் தலைக்கு மேல் கடக்கும் சுமார் பத்து நிமிடத்தில்தான் கேட்கும், அதுவும் அந்த நேரத்தில் அவர்கள் ஒலிபரப்பினால்தான். மலிவு டாங்கிளில் அதிர்வெண்ணைத் தீர்மானிக்கும் படிகத்தின் பிழை 50 பிபிஎம் (பத்து லட்சத்தில் 50 பங்கு) இருந்தால் இங்கே 7 கிலோஹெர்ட்ஸ் தள்ளிப்போகும். டாங்கிள் சூடாகக் கால் மணி நேரம் விட்டு, பிறகு மென்பொருளில் பிபிஎம் அளவைத் திருத்துங்கள்.

எல்லாப் பேண்டிலும் ஒரே இரைச்சல் என்றால் சந்தேகம் முதலில் வீட்டுக்குள்தான். லேப்டாப்பின் சார்ஜரைக் கழற்றி பேட்டரியில் ஓட்டுங்கள். பிறகு எல்.இ.டி. விளக்குகளையும் மற்ற சார்ஜர்களையும் ஒவ்வொன்றாக அணைத்து, எதை அணைத்ததும் வாட்டர்ஃபால் இருள்கிறது என்று பாருங்கள்.