கேம் சென்டரில் தெரியாதவர்களின் நட்புக் கோரிக்கைகள்: நான் நிறுத்திய விதம்

ஐபோனில் ஆப்பிளின் விளையாட்டுச் சேவையான கேம் சென்டர் வழியாக வரும் நட்புக் கோரிக்கைகளை ஒவ்வொன்றாக நிராகரிப்பது வெட்டி வேலை; இன்னொருவர் அனுப்புவார். வாசலை மூடுவதுதான் வழி.

செட்டிங்ஸ் திறந்து, தேடல் பெட்டியில் கேம் சென்டர் என்று தேடுங்கள். உள்ளே 'ரிக்வெஸ்ட்ஸ் ஃப்ரம் கான்டாக்ட்ஸ் ஒன்லி' இருக்கும். அதை ஆன் செய்தால் உங்கள் போனில் சேமித்த ஆட்கள் மட்டுமே கோரிக்கை அனுப்ப முடியும். இதில் ஒரு ஓட்டை உண்டு. என்றைக்கோ சேமித்த கேஸ் சிலிண்டர்காரர், புரோக்கர் நம்பர்களும் 'தெரிந்தவர்' கணக்கில்தான் வரும். ஆகவே கான்டாக்ட்ஸையும் ஒருமுறை சலித்துவிடுங்கள்.

அதே பக்கத்தில் 'நியர்பை பிளேயர்ஸ்' ஆஃப். பக்கத்தில் இருப்பவர் வைஃபை, புளூடூத் வழியாக விளையாட்டுக்கு அழைப்பது அதோடு நிற்கும். புரொஃபைல் பிரைவசியை 'ஒன்லி யூ' என்று வைத்தால், நீங்கள் ஆடும் விளையாட்டு விவரங்களை மற்றவர்கள் எட்டிப்பார்க்க முடியாது.

ஏற்கெனவே ஏற்றுக்கொண்டவர்கள் இதனால் போய்விட மாட்டார்கள். அவர்கள் புரொஃபைலில் மூன்று புள்ளியைத் தொட்டு நீக்க வேண்டும். தொல்லை தருபவர் என்றால் அங்கேயே புகாரும் செய்யலாம்.

பிள்ளைகளின் போன் என்றால் இவ்வளவும் போதாது, நொடியில் மாற்றிவிடுவார்கள். செட்டிங்ஸில் உள்ள ஸ்கிரீன் டைமில் உள்ளடக்கக் கட்டுப்பாடுகளுக்குள் கேம் சென்டர் பகுதியில் 'ஆடிங் ஃப்ரெண்ட்ஸ்' என்பதை அனுமதிக்காமல் விட்டு, தனி பாஸ்கோடும் போடுங்கள். போனைத் திறக்கும் அதே எண் வேண்டாம், அது அவர்களுக்கு மனப்பாடம்.